மயில்மீனின் வால்

சிப்காட்டில் பல கம்பெனிகளுக்குள் ஃபோர்க்லிஃப்ட் வண்டிகள் சென்னப்பன் போட்ட மஞ்சள் கோட்டுக்குள்தான் ஓடின. தீயணைப்புக் கருவி மாட்டியிருக்கும் இடத்தில் சிவப்புச் சதுரம், ஆட்கள் நடக்கும் பாதைக்குப் பச்சைப் பட்டை, 'வேகம் 10' என்ற எழுத்து, தலைக்கவசம் போட்ட ஆளின் படம், எல்லாம் அவன் வேலை. பாகலூர் ரோட்டுப் பெயிண்ட் கடைக்காரர் முதல் கம்பெனி கேட்டில் நிற்கும் செக்யூரிட்டி வரை அவனை 'ஆர்ட்டிஸ்ட்' என்றுதான் கூப்பிடுவார்கள். அது காதில் விழும்போதெல்லாம் அவனுக்கு முதுகு கொஞ்சம் நிமிரும். அப்பாவின் நிலத்தை அண்ணன் பார்த்துக்கொண்டார். தம்பி பெங்களூரில் வேலைக்குப் போய்விட்டான். முப்பத்தெட்டு வயதில் சென்னப்பனுக்கென்று இருந்தது அந்தப் பட்டப்பெயர் ஒன்றுதான்.

அவன் மனைவி சத்யப்ரியா பத்து வருஷமாக மோட்டார் சைக்கிளுக்கு வயர் கட்டும் ஒரு கம்பெனியில் லைனில் நின்றவள். அந்தத் தை மாசம் காண்ட்ராக்ட் முடிந்துவிட்டது என்று நாற்பது பேரோடு அவளையும் அனுப்பிவிட்டார்கள். வீட்டில் உட்கார்ந்து பழகாதவள். பாகலூருக்குப் பக்கத்தில் உள்ள அரசு நடுநிலைப்பள்ளியில் சென்னப்பனுக்குச் சுவர் வேலை வந்தபோது, "நானும் வரன். சும்மா இருந்தா கை நமநமங்குது" என்று டிபன் பாக்ஸைத் தூக்கிக்கொண்டு வண்டியில் ஏறிக்கொண்டாள்.

அந்த வேலையைக் கொடுத்தது ஒரு கம்பெனி. பள்ளிக்கூடங்களுக்கு உதவி செய்யும் பிரிவைப் பார்த்துக்கொண்டவர் கௌதம் என்ற இளம் அதிகாரி. பள்ளியின் உள்பக்கச் சுவர் அறுபது அடி நீளம். அதில் கடல் வேண்டும் என்றார். சென்னைக் கடல் அங்கிருந்து முந்நூறு கிலோமீட்டருக்கு மேல். பிள்ளைகளில் பாதிப் பேர் கெலவரப்பள்ளி அணையைத் தாண்டித் தண்ணீர் பார்த்ததில்லை. அதனால்தான் கடல் என்று கௌதம் சொன்னார். திமிங்கிலம், ஆமை, டால்ஃபின், சுறா, மயில்மீன் என்று படங்களைப் பிரிண்ட் எடுத்துப் பெயரெழுதிக் கொடுத்துவிட்டுப் போனார்.

சென்னப்பன் கட்டம் போட்டான். படத்தில் ஒரு அங்குலக் கட்டம், சுவரில் ஓரடிக் கட்டம். கட்டத்துக்குக் கட்டம் பார்த்து இழுத்தால் எந்தப் படமும் பிசகாமல் வந்துவிடும். இருபது வருஷப் பழக்கம். சுவரின் நடுவில் பன்னிரண்டு அடிக்குச் சுறாவைப் போட்டான். சாம்பல் முதுகு, வெள்ளை வயிறு, வாய் நிறையப் பல். அதுதான் மொத்தச் சுவருக்கும் தலைவன் என்று மனசுக்குள் வைத்துக்கொண்டான். சத்யா ரோலரில் நீலம் அடித்தாள்.

நாலாம் நாள் வலது பக்கக் கடைசியில், குடிதண்ணீர்க் குழாய்க்கு மேலே எட்டடி இடம் மிஞ்சியது. வரைய வேண்டியதில் மயில்மீன் மட்டும் பாக்கி.

"ஏங்க, இத நான் போடட்டுமா?" என்று சத்யா கேட்டாள்.

சென்னப்பன் சிரித்தான். "போடு போடு. கெட்டுப்போனா ரெண்டு கோட்டு நீலம் அடிச்சாத் தீந்துச்சு. கட்டம் போட்டுத் தரட்டுமா?"

"வேணாம். கட்டம் போட்டா எனக்கு வயர் டயாகிராம் மாதிரி தெரியுது."

அவள் பிரிண்ட் எடுத்த படத்தையும் அதிகம் பார்க்கவில்லை. மதியம் சாப்பிட்ட கையோடு வேப்ப மரத்தடியில் உட்கார்ந்து போனில் மயில்மீன் வேட்டையாடும் வீடியோக்களை ஒன்றன்பின் ஒன்றாகப் பார்த்தாள். மத்திக் கூட்டத்தைச் சுற்றி அந்த மீன்கள் வளைய வந்தன. மடங்கிக் கிடந்த முதுகுத் துடுப்பு திடீரென்று மயில் தோகை மாதிரி விரிந்தது. அதைப் பார்த்து மிரண்டு மத்திகள் ஒன்றோடொன்று நெருங்கி உருண்டையாகத் திரண்டன. மயில்மீனின் உடம்பில் நீலப் பட்டைகள் சட்டென்று மின்னின. வாள் மாதிரி நீண்ட மூக்கைக் கூட்டத்துக்குள் நுழைத்து ஒரு வெட்டு வெட்டியது. செதில்கள் வெள்ளிப் பொடியாகச் சிதறின. சத்யா அந்த ஒரு நொடியை மட்டும் திருப்பித் திருப்பிப் போட்டுப் பார்த்தாள். பிறகு எழுந்து போய் ஈரக் கைத்துணியில் நீலத்தைத் தொட்டுச் சுவரில் ஒரே இழுப்பு இழுத்தாள்.

சென்னப்பன் அன்று முழுவதும் தன் சுறாவின் பல்லுக்கு நிழல் கொடுத்துக்கொண்டிருந்தான். நாலு மணிக்கு மணி அடித்தது. பிள்ளைகள் பையோடு ஓடி வந்தார்கள். வழக்கமாக அவன் சுறா முன்னால் நின்று கத்தும் கூட்டம் அன்று அவனைத் தாண்டிக்கொண்டு ஓடியது. அவன் திரும்பிப் பார்த்தான்.

குழாய்க்கு மேலே மீன் பாய்ந்துகொண்டிருந்தது. துடுப்பு முழுசாக விரிந்து, அதன் மேல் கருநீலப் புள்ளிகள். பட்டைகள் எங்கே தொடங்கி எங்கே முடிகின்றன என்று சொல்ல முடியவில்லை. வால் மட்டும் தண்ணீரில் கலங்கித் தெரிந்தது, வேகத்தில் கண்ணுக்குச் சிக்காத மாதிரி. அளவு பார்த்தால் மூக்கு கொஞ்சம் நீளம்தான். அந்த நீளம்தான் அதற்கு வேகம் கொடுத்திருந்தது என்பதும் சென்னப்பனுக்குப் புரிந்தது. புரிந்ததுதான் வினை.

"எப்படிங்க இருக்குது?" என்றாள் சத்யா. கன்னத்தில் நீலம்.

"பரவால்ல. மூக்கு பெரிசாப் போச்சு" என்றான்.

மறுநாள் தலைமையாசிரியை நாராயணம்மா வந்து பார்த்தார். வீட்டில் தெலுங்கு பேசுகிறவர். சந்தோஷம் வந்தால் தெலுங்குதான் முதலில் வரும். "அப்பா, எந்த்த பாகுந்தி! எவ்ளோ நல்லாருக்குது!" என்று மயில்மீன் முன்னால் கையைக் கட்டிக்கொண்டு நின்றார். சுறாவைப் பார்த்து, "இதுவும் நல்லாருக்குது" என்றார். அந்த 'உம்' சென்னப்பனின் தொண்டையில் முள்ளாகச் சிக்கிக்கொண்டது.

பிள்ளைகளுக்குள் ஒரு சண்டை. சுறா வேகமா, மயில்மீன் வேகமா? மூன்றாம் வகுப்புப் பெண் ஒருத்தி ஏணிக்குக் கீழே வந்து நின்று சென்னப்பனையே கேட்டாள்.

"சுறாதான். அதுக்கு முன்னாடி எதுவும் நிக்காது" என்றான்.

சத்யா அந்தப் பக்கத்திலிருந்து சொன்னாள்: "இல்ல பாப்பா. கொஞ்ச தூரத்துக்கு மயில்மீனுதான் வேகம். ஆனா ரொம்ப நேரம் அப்படி ஓட முடியாது. வேட்டையாடிக் களைச்சிருக்கறப்ப, இல்ல தூண்டில்ல மாட்டி இழுபட்டுக் களைச்சிருக்கறப்ப, சுறா வந்து புடிச்சுக்கும்."

"நீங்க பாத்திருக்கீங்களா ஆண்ட்டி?"

"நான் கடலையே பாத்ததில்ல கண்ணு."

பிள்ளைகள் சிரித்தார்கள். சென்னப்பனுக்குச் சிரிப்பு வரவில்லை. அவன் கடலைப் பார்த்தவன். சென்னையில் மெரினாவில் கால் நனைத்தவன். பார்க்காதவள் கையில் மீன் பாய்கிறது, பார்த்தவன் கையில் பல்லைக் காட்டிக்கொண்டு நிற்கிறது.

அந்த வாரம் கௌதம் வந்தார். நேராகக் குழாய்ப் பக்கம் போய் ஏழெட்டுப் போட்டோ எடுத்தார். சத்யா அப்போது கழுவிய பிரஷ்களோடு நாலடி தள்ளி நின்றிருந்தாள்.

"இது யாரு பண்ணது சென்னப்பன்?"

"நம்ம டீம்தான் சார்" என்று சென்னப்பன் சொன்னான். வாய் தானாகச் சொன்னது. சொன்ன பிறகு மனைவியின் பக்கம் பார்க்கவில்லை. அவள் பிரஷ்ஷை உதறும் சத்தம் மட்டும் கேட்டது.

அன்றிலிருந்து சென்னப்பன் தனக்கே பிடிக்காத ஆளாக ஆகிப்போனான். அவளுக்குப் பிடித்த மெல்லிய பிரஷ் ஒன்று இருந்தது. அதை வண்டி சீட்டுக்கு அடியில் ஒளித்து வைத்துவிட்டு, அவளோடு சேர்ந்து தேடினான். அலை நுரைக்கு அவள் வெள்ளையில் கலந்து வைத்த நிறத்தைத் தெரியாமல் தட்டிவிட்டதுபோலக் கொட்டினான். "வெயில் சாஸ்தியா இருக்குது, நாளைக்கு நீ வீட்லயே இரு" என்றான். அவள் வீட்டில் இருந்த அன்று, சுவருக்கு முன்னால் தனியாக நின்று மயில்மீனை அங்குலம் அங்குலமாகப் பார்த்தான். எங்காவது ஒரு தப்பு கிடைக்காதா என்று தேடினான். மூக்கைத் தவிர ஒன்றும் கிடைக்கவில்லை.

வீட்டுப் பின்னால் கிடந்த பழைய ஆஸ்பெஸ்டாஸ் ஷீட்டில் அவளுக்குத் தெரியாமல் ஒரு மயில்மீன் போட்டுப் பார்த்தான். கட்டம் போடாமல்தான். முதல் தரம் விசிறி வைத்த கத்தரிக்காய் மாதிரி இருந்தது. இரண்டாம் தரமும் அதுவேதான். ஷீட்டைக் குப்புறப் போட்டு மேலே செங்கல்லை வைத்தான்.

சனிக்கிழமை சாயங்காலம் கௌதம் போன் பண்ணினார்.

"சென்னப்பன், நம்ம கம்பெனி கேன்டீன் சுவர் நாப்பதடி இருக்கு. பிளான்ட் ஹெட் போட்டோவப் பாத்துட்டாரு. அந்த மயில்மீன் போட்ட கைதான் வேணும்கறாரு. புதன்கிழமை ஸ்கூல் திறப்பு விழாவுக்கு வர்றப்ப நேர்ல பேசிக்கலாம்."

"சரிங்க சார்."

"போன்ல யாருங்க?" என்று சத்யா கேட்டாள்.

"பெயிண்ட் கடை" என்றான்.

ஞாயிற்றுக்கிழமை காலை, அண்ணன் வீட்டுக்குப் போய்விட்டு வருகிறேன் என்று கிளம்பினான். வண்டி பள்ளிக்கூடத்துக்குப் போனது. வாட்ச்மேன் கேட்டைத் திறந்துவிட்டுத் தேவாலயத்துக்குப் போய்விட்டார். சென்னப்பன் சுவர் முன்னால் போய் நின்றான். மயில்மீனுக்குப் பின்னால், வாலை ஒட்டி, அடுத்த படம் வரைக்கும் நீலம் வெறுமனே கிடந்தது.

மயில்மீனைச் சுறா பிடித்துவிடும் என்று அவள்தானே சொன்னாள். அவன் சாம்பல் டப்பாவைத் திறந்தான். கட்டம் போடவில்லை. படம் பார்க்கவில்லை. நாலங்குலப் பிரஷ்ஷை முக்கி, தோளிலிருந்து கையை வீசினான். முதுகு வந்தது. இன்னொரு வீச்சில் வயிறு. உடம்பு ஒரு பக்கமாக முறுக்கிக்கொண்டு அடியிலிருந்து மேலே ஏறி வந்தது. வியர்வை கண்ணில் இறங்கியது, துடைக்கவில்லை. கண்ணைக் கறுப்பாக, மினுக்கமே இல்லாமல் வைத்தான். வாயைத் திறந்து, அவளுடைய மீனின் வாலை அதற்குள் கொண்டுபோனான். அந்தக் கலங்கின வால் சாம்பலுக்குள் மறைந்தது. கடைசியில் சிவப்பைத் தொட்டு ஒரு இழுப்பு.

இரண்டு மணி நேரத்தில் முடித்துவிட்டு, குழாயைத் திறந்து கையைக் கழுவினான். பெரிய நிம்மதியாக இருந்தது. வீட்டுக்குப் போகும் வழியில், ரயில்வே கேட்டுக்கு முன்னால் நின்றபோது அந்த நிம்மதி போய்விட்டது. திரும்பிப் போய் அழித்துவிடலாமா என்று நினைத்தான். பின்னால் வந்தவர்கள் ஹாரன் அடித்தார்கள். வீட்டுக்கே போனான்.

திங்கள்கிழமை அவர்கள் போய்ச் சேர்ந்தபோது பள்ளிக்கூடமே சுவர் முன்னால் நின்றது. பெரிய பையன்கள், "சுறா புடிச்சிருச்சு டோய்!" என்று குதித்தார்கள். ஒன்றாம் வகுப்புப் பிள்ளைகளில் இரண்டு பேர் அழுதுகொண்டிருந்தார்கள். எது வேகம் என்று கேட்ட அந்தப் பெண் சத்யாவின் சேலையைப் பிடித்துக்கொண்டு, "ஆண்ட்டி, அது செத்துருச்சா?" என்றாள்.

நாராயணம்மாவின் முகம் கடுகடுத்திருந்தது. "என்னம்மா இது? ரத்தமெல்லாம் போட்டு வச்சிருக்கீங்க. சின்னப் புள்ளைங்க தண்ணி குடிக்கற எடம். புதங்கிழமை விழா. யாரு பண்ணது இத?"

சென்னப்பன் கையிலிருந்த டப்பாவைக் கீழே வைத்தான்.

சத்யா சுவரைப் பார்த்தபடியே சொன்னாள்: "நாங்கதான் டீச்சர். சரி பண்ணிடறோம்."

மணி அடித்தது. பிள்ளைகள் வகுப்புக்குப் போனார்கள். சத்யா சுவரை விட்டு நகரவில்லை. பத்தடி பின்னால் போய் நின்று பார்த்தாள். பக்கத்தில் போய்ச் சுறாவின் முறுக்கிய முதுகில் கையை வைத்துத் தடவினாள். அழுவாள் அல்லது திட்டுவாள் என்று சென்னப்பன் எதிர்பார்த்தான். இரண்டுக்கும் அவனிடம் பதில் இருந்தது.

"இது நல்லாருக்குது" என்றாள்.

அவன் சுவரைப் பார்த்தான், பிறகு அவளை.

"நெசமாத்தான் சொல்றன். நடுவுல இருக்கற அந்தப் பெரிய சுறா படத்துல இருக்கற சுறா. இது உசிரோட வருது. கட்டம் போடலயே?"

"போடல."

"தெரியுது. என்ன கோவம் இருந்தா இப்படி வரும்! எம்மேல என்னாங்க அவ்ளோ கோவம்?"

"கோவம் இல்ல" என்றான் சென்னப்பன். குழாய் மேடையில் உட்கார்ந்துவிட்டான். "பொறாம. எனக்கு வயிறு எரியுது சத்யா. நீ மொத மொதல்ல பிரஷ் புடிச்ச. நான் இருவது வருஷமா புடிக்கறன். ஊர்ல எனக்குன்னு இருக்கறது இது ஒண்ணுதான். அதுலயும் நீ வந்து..." கௌதம் போன் பண்ணியதையும் சொல்லிவிட்டான்.

"பிரஷ்ஷ ஒளிச்சு வச்சன்னிக்கே தெரியும்" என்றாள் அவள். "சீட்டுக்கு அடியில தொட்டுப் பாத்தன், இருந்துச்சு. எடுக்கல. எவ்ளோ தூரம் போறீங்கன்னு பாத்தன்."

"ஏன் கேக்கல?"

"எனக்கும் அந்த எரிச்சல் தெரியுங்கறதால." அவள் அவனுக்குப் பக்கத்தில் உட்காரவில்லை, எதிரில் நின்றே பேசினாள். "பத்து வருஷம் ஒரே பச்ச வயரையும் ஒரே கறுப்பு வயரையும் சொருகிட்டு இருந்தன். ஒரு நாளைக்கு ஆயிரத்து இருநூறு தரம். நீங்க சாயங்காலம் சட்டையெல்லாம் அஞ்சு கலரோட வருவீங்க. தெருவுல ஆர்ட்டிஸ்டுன்னு கூப்பிடுவாங்க. உங்க சட்டையத் தொவைக்கறப்ப அந்தக் கலரெல்லாம் தண்ணில போறதப் பாத்துட்டே இருப்பன். ஒரு நாளு உங்க மஞ்சச் சட்டைய வேணும்னே கல்லுல போட்டுக் கிழிச்சன். ஞாபகம் இருக்குதா?"

"அது நூலு போயிருந்துச்சுன்னு சொன்ன."

"நூலும் இல்ல, ஒண்ணும் இல்ல."

அவன் அவளை நிமிர்ந்து பார்த்தான். கல்யாணமாகிப் பன்னிரண்டு வருஷத்தில் பார்க்காத யாரோ ஒருத்தி நின்றுகொண்டிருந்தாள்.

"இப்ப ஒண்ணு நீங்கதான் சொல்லணும்" என்றாள் சத்யா. "சுறா தொரத்தறப்ப மயில்மீனு தோகைய விரிச்சிட்டுப் போகாது. மடக்கி ஒட்ட வச்சுக்கிட்டுத்தான் ஓடும். அப்பத்தான் வேகம். அதனால உங்க சுறா இங்க இருக்கணும்னா நான் என் தோகைய அழிக்கணும். தோகை இருக்கணும்னா சுறா போகணும். ரெண்டும் சேந்து இருந்தா அது பொய்யி. எது இருக்கட்டும்?"

"நீயே சொல்லு."

"நான் ஏன் சொல்லணும்? பக்கத்துல வந்து வரைஞ்சது நீங்க."

சென்னப்பன் எழுந்து இரண்டையும் பார்த்தான். நூறு கம்பெனிச் சுவர்களில் வரைந்திருக்கிறான். கையுறை, தலைக்கவசம், மின்னல் குறி, மண்டை ஓடு. அத்தனையிலும் உயிரோடு வந்தது இந்த ஒரு சுறாதான். இனி இன்னொன்று வருமா என்று அவனுக்குத் தெரியவில்லை. அந்தப் பக்கம் விரிந்த தோகை. அதைப் பார்த்தால் இப்போதும் எரிந்தது. அழிக்கச் சொல்லலாம். அவள் அழித்துவிடுவாள். ஒரு வார்த்தை பேசாமல் நீலத்தை எடுத்து அடித்துவிடுவாள். அது நிச்சயமாகத் தெரிந்ததால்தான் அவனால் சொல்ல முடியவில்லை.

நீல டப்பாவைத் திறந்தான்.

"போட்டோ எடுத்து வைக்கட்டுமா?" என்று சத்யா போனை எடுத்தாள்.

"வேணாம்."

முதல் பூச்சிலேயே சுறாவின் கண் போய்விட்டது. முதுகின் முறுக்கு மட்டும் நீலத்துக்கு அடியில் தெரிந்துகொண்டிருந்தது. இரண்டாம் பூச்சில் அதுவும் போனது. ரோலரைக் கீழே வைத்தான்.

"வால நீ போடு" என்றான்.

"தின்னது நீங்க. நீங்களே போடுங்க."

மூன்று தரம் போட்டான். முதல் வால் விளக்குமாறு, இரண்டாவது கத்தரிக்கோல், மூன்றாவது இரண்டும் கலந்தது. மூன்று தரமும் ஈரம் காயும் முன்னே துணியால் துடைத்தான். சத்யா வேப்ப மரத்தடியில் தயிர்ச்சோறு சாப்பிட்டுக்கொண்டு பார்த்தாள். உதவிக்கு வருகிற மாதிரித் தெரியவில்லை.

நாலாம் தரம் பிரஷ்ஷைத் தொடுவதற்கு முன்னால் அவன் திரும்பினான். "எப்படிப் போட்ட? சொல்லு." அதைச் சொல்லி முடிக்கக் பஞ்சரான வண்டியை மேட்டில் தள்ளுவது போல இருந்தது.

அவள் கையைக் கழுவிக்கொண்டு வந்தாள். "வால வரையாதீங்க. வாலு தள்ளற தண்ணிய வரைங்க. வாலு தானா வந்துரும்."

வந்தது என்று சொல்ல முடியாது. ஆனால் நாலடி தள்ளி நின்றால் தப்பு தெரியவில்லை. அவள் போட்ட உடம்புக்கும் அவன் போட்ட வாலுக்கும் நடுவே ஒரு ஒட்டு இருந்தது. தெரிந்தவர்களுக்கு மட்டும் தெரியும்.

புதன்கிழமை ஷாமியானா போட்டு விழா நடந்தது. பிளான்ட் ஹெட் வந்து ரிப்பனை வெட்டிவிட்டு, எல்லோரும் எதிர்பார்த்தபடி நேராகக் குழாய்ப் பக்கம் போனார். கௌதம் சென்னப்பனை முன்னால் இழுத்துவிட்டார். "சார், இவர்தான் ஆர்ட்டிஸ்ட்."

பிளான்ட் ஹெட் கையை நீட்டினார். சென்னப்பன் அந்தக் கையைப் பிடித்தான். விடுவதற்கு முன்னால் சொல்லிவிட வேண்டும் என்று தோன்றியது. விட்டுவிட்டால் வராது.

"சார், இத வரைஞ்சது நான் இல்ல. என் வீட்டுக்காரம்மா. சத்யப்ரியா." கூட்டத்தில் பின்னால் நின்றவளைக் கைகாட்டினான். "சுறா என்னுது. அந்த... நடுவுல இருக்கறது."

எல்லாத் தலையும் அவள் பக்கம் திரும்பியது. நாராயணம்மா அவளைத் தோளில் கைபோட்டு முன்னால் அழைத்துவந்தார். சென்னப்பன் கூட்டத்துக்குள் பின்னால் தள்ளப்பட்டு, ஷாமியானாக் கம்பத்தைப் பிடித்துக்கொண்டு நின்றான். நல்லது செய்தால் மனசு லேசாகும் என்று கேள்விப்பட்டிருந்தான். அவனுக்குக் கனமாகத்தான் இருந்தது.

கேன்டீன் வேலைக்குச் சத்யா தனியாகப் போனாள். காலையில் அவளைக் கம்பெனி கேட்டில் இறக்கிவிட்டு, அவன் சூளகிரியில் ஒரு புதுக் கம்பெனிக்குத் தரைக்கோடு போடப் போவான். சாயங்காலம் வண்டியில் வரும்போது அவள் அன்றைக்குப் போட்டதைப் பற்றிச் சொல்லுவாள். அவன் 'ம்' போடுவான். சில நாள் 'ம்' போடவும் வராது. அவளும் நிறுத்திவிடுவாள்.

பதினோராம் நாள் சூளகிரி வேலை மதியத்தோடு முடிந்தது. பாஸ் வாங்கிக்கொண்டு கேன்டீனுக்குள் போனான். ஆட்கள் தட்டைக் கையில் வைத்துக்கொண்டு, உட்காராமல் சுவரைப் பார்த்துக்கொண்டே சாப்பிட்டார்கள். நாற்பது அடிச் சுவரில் ஆயிரக்கணக்கில் மத்தி. அந்தத் திரளைச் சுற்றி மூன்று மயில்மீன்கள், மூன்றும் மூன்று விதமாகத் தோகை விரித்து. மேலே நீர்மட்டம், அதன் மேல் ஒரு முழத்துக்கு வானம்.

சென்னப்பன் மூன்று மூக்குகளையும் கண்ணாலேயே அளந்தான்.

சத்யா சாரத்திலிருந்து இறங்கி வந்தாள். முகம் வாடியிருந்தது. "ஏங்க, நல்ல வேளை வந்தீங்க. எதோ ஒண்ணு சரியில்ல. நாலு நாளா பாக்கறன். நின்னு பாத்தா லேசா தலை சுத்துது. எந்த மீனுன்னு தெரியல. நீங்க பாருங்க."

சென்னப்பன் ஒரே பார்வையில் கண்டுபிடித்துவிட்டான். மீன்களில் ஒரு குறையும் இல்லை. கேன்டீன் தரை, கழுவும் தண்ணீர் ஓடுவதற்காக ஒரு பக்கம் சரிவாகக் கட்டப்பட்டது. அவள் தரையிலிருந்து அளந்து நீர்மட்டத்தைப் போட்டிருக்கிறாள். தரை சாய்ந்தால் கடலும் சாயத்தானே செய்யும். நாற்பது அடிக்கு நாலங்குலமாவது இருக்கும். பார்க்கிறவர்களுக்குக் காரணம் தெரியாது. என்னவோ போல இருக்கிறது என்று மட்டும் தோன்றும்.

"நல்லாத்தான் இருக்குது" என்றான்.

"நெசமாவா?"

"நீ ரொம்ப நேரம் பாத்துட்டே இருக்கற. அதான்." பாஸைக் கேட்டில் கொடுத்துவிட்டு வெளியே வந்தான்.

வண்டியை எடுத்தவன் கம்பெனி மதில் முடியும் திருப்பம் வரை போனான். நாளை மறுநாள் பிளான்ட் ஹெட் வந்து பார்ப்பார். நல்லாருக்கு, ஆனா என்னமோ குறையுது என்பார். ஸ்கூல்ல அந்த ஒண்ணு எப்படியோ வந்துடுச்சு போலிருக்கு என்பார்கள். அவளும் அப்படியே நினைத்துக்கொள்வாள். மீண்டும் எங்காவது லைனில் போய் நின்றுவிடுவாள். அவனுக்குத் தெரிந்திருந்தது என்பது யாருக்கும் தெரியப்போவதில்லை. அந்த நினைப்பு ஒரு நிமிஷம் இனித்தது. இனித்ததைக் கண்டு அவனுக்கே பயமாகிவிட்டது.

வண்டியைத் திருப்பினான்.

"என்னா ஆர்ட்டிஸ்ட், இப்பத்தான பாஸ் குடுத்தீங்க? மறுபடியும் மொதல்ல இருந்து எழுதணும்" என்று செக்யூரிட்டி சலித்துக்கொண்டார். சென்னப்பன் நோட்டில் பெயர், வண்டி நம்பர், நேரம் எல்லாம் எழுதினான்.

சத்யா சாரத்துக்கு அடியில் முழங்காலைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள்.

"உன் கடல் சாஞ்சிருக்குது" என்றான். "தரையில இருந்து அளக்கக் கூடாது. தரையே சரிவு. ட்யூப்ல தண்ணி ரொப்பி மட்டம் பாத்துப் போடணும்."

அவள் எழுந்து போய்ச் சுவரின் ஒரு கோடியில் நின்று, கன்னத்தைச் சுவரோடு ஒட்டிவைத்து மறு கோடி வரை பார்த்தாள். வெகு நேரம் பார்த்தாள். திரும்பி வரும்போது கண் சிவந்திருந்தது.

"அப்பவே தெரியுமா?"

"தெரியும்."

"சொல்லாமப் போயிட்டீங்க."

"ம்."

"மேல பூரா மறுபடியும் அடிக்கணும். ரெண்டு நாள் ஆகும். தனியா என்னால ஆகாது."

சென்னப்பன் போனை எடுத்துச் சூளகிரிக்காரரைக் கூப்பிட்டு, அடுத்த பிளாக் வேலைக்குத் திங்கள்கிழமைதான் வருவேன் என்று சொன்னான். பிறகு அந்த மூன்று மீன்களையும் இன்னொரு தரம் பார்த்தான். வயிறு எரியத்தான் செய்தது. செருப்பைக் கழற்றி ஓரமாக விட்டுவிட்டுச் சாரத்தில் ஏறினான்.